வெக்ஸ்போர்டில் ஒரு ஈரச் சுவர்

டொராண்டோ போய் வந்தேன் என்றால் எல்லோரும் நயாகராவைப் பற்றித்தான் கேட்கிறார்கள். நான் அந்தப் பக்கமே போகவில்லை. நான் பார்த்ததெல்லாம் வெக்ஸ்போர்ட் என்ற பகுதியில் ஒரு வீட்டின் பேஸ்மென்ட். தரைக்குக் கீழே இருக்கும் அந்த அறையின் சுவர் எனக்கு என் சொந்த வீட்டுச் சுவரைவிட நன்றாகத் தெரியும். அந்தச் சுவரால் ஒரு குடும்பத்தின் காரியம் கெட்டது. சுவரைக் கெடுத்தவன் நான்.

நான் சினிமாவில் கலை இயக்குநர். பெயர் சொன்னால் தெரியாது. டைட்டிலில் என் பெயர் வரும்போது நீங்கள் இருட்டில் சீட் நம்பரைத் தேடிக்கொண்டிருப்பீர்கள். கதாநாயகி அழும்போது பின்னால் இருக்கும் காரை பெயர்ந்த சுவர், வில்லன் உதைத்து உடைக்கும் கதவு, டீக்கடை பாய்லரில் படிந்த கரி, இதெல்லாம் எங்கள் வேலை. படம் பார்த்தவர் "அந்த வீடு எந்த ஊரில் இருக்கிறது?" என்று கேட்டால் அதுதான் எங்களுக்கு விருது. தலை நரைக்கும்வரை உதவியாளனாக இருந்துவிட்டுத் தனியாகப் படம் செய்ய ஆரம்பித்தேன். செய்தது எதுவும் ஓடவில்லை.

அதனால் இந்தக் கனடாப் படம் வந்தபோது இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். அகதியாக வந்த ஒரு இளைஞன் ஈரம் கசியும் பேஸ்மென்டில் ஒரு குளிர்காலத்தைக் கழிக்கிறான். படம் முழுவதும் அந்த ஒரே அறை. நாயகனுக்கு அடுத்தபடி எல்லா ஷாட்டிலும் இருக்கப்போவது சுவர்தான். இயக்குநர் புதியவர். கதை சொல்லும்போது, "சார், சுவர் அழணும்," என்றார். இத்தனை வருடத்தில் சுவரைப் பற்றி என்னிடம் பேசிய முதல் இயக்குநர் அவர். பாஸ்போர்ட்டை அன்றே தேடி எடுத்து வைத்தேன்.

ஆர்ட் டிபார்ட்மென்ட் எல்லோருக்கும் முன்னால் போய் எல்லோருக்கும் பின்னால் திரும்பும். எங்கள் தொழிலில் அது வழக்கம். நான் போய்ச் சேர்ந்தபோது பனி உருகிக்கொண்டிருந்தது. ரோட்டோரம் ஒதுக்கிய பனி கரிபிடித்து, பழுப்பேறி, சிகரெட் துண்டுகளோடு கிடந்தது. வெள்ளையைப் பழசாக்குவதே பிழைப்பாக இருப்பவனுக்கு இந்த ஊரில் வேலையே இல்லை போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

வீட்டுக்காரி யோகராணி அக்கா. நான் தங்கியதும் அவர் வீட்டிலேயே. யாழ்ப்பாணத்திலிருந்து வந்து பல வருடங்கள் ஆகின்றன. ரொட்டி பாக்கெட் போடும் தொழிற்சாலையில் வேலை. கணவர் சிவபாதம் அண்ணைக்குப் பக்கவாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது. அக்கா வேலைக்குப் போனால் அவர் தனியாகத்தான் கிடக்க வேண்டும். அவர் கட்டிலுக்கு எதிரே அலமாரியில் எலுமிச்சம்பழ அளவில் ஒரு கேமரா வைத்திருந்தார்கள். அக்கா தொழிற்சாலையில் இடைவேளை கிடைக்கும்போதெல்லாம் போனில் அவரைப் பார்த்துக்கொள்வார். வந்த அன்றே அதை எனக்குக் காட்டினார்.

"உதில அவர் கையை ஆட்டினா, தண்ணி விடாய்க்குது எண்டு அர்த்தம். நான் வேலையில இருந்து பாத்து என்ன செய்யிறது தம்பி? பாத்துக்கொண்டு ரொட்டியை அடுக்கிறதுதான்."

அதற்காகத்தான் வீட்டை விற்கப் போகிறார்கள். மகள் காரில் முக்கால் மணி நேரம் தள்ளி, ஒஷாவாவில் இருக்கிறாள். அவள் தெருவிலேயே, எதிர்வரிசையில், ஒரு சின்ன வீடு விலைக்கு வந்திருந்தது. "கூப்பிட்டாக் கேக்கிற தூரம்," என்று அக்கா ஒரு நாளைக்குப் பத்துத் தடவையாவது சொல்வார். இந்த வீடு விலைபோனால்தான் அதை வாங்க முடியும். அந்த வீட்டுக்காரரும் மாதக் கடைசிவரைதான் பொறுப்பேன் என்று சொல்லிவிட்டார். பேஸ்மென்டில் குடியிருந்தவர்கள் காலிசெய்து போயிருந்ததால், விற்பதற்குள் படப்பிடிப்பை முடித்துக்கொள்ளச் சொல்லி எங்களுக்கு விட்டிருந்தார்கள்.

அதிலும் ஒரு பேச்சு இருந்தது. அந்த ஊரில் வீடு விற்பதற்கு முன்னால் அதை அலங்கரிப்பார்கள். நம்மூரில் வெள்ளையடித்து, வாழைமரம் கட்டுவோமே, அப்படி இல்லை. அங்கே வாழ்ந்தவர்களின் சுவடே தெரியக்கூடாது. அதைச் செய்து கொடுக்க வேண்டும் என்பது அக்காவின் நிபந்தனை. கீழே அசிங்கப்படுத்துவதற்குப் பதிலாக மேலே அழகுபடுத்த வேண்டும். எனக்கு இதைவிடச் சுலபமான வேலை கிடையாது.

வீட்டு ஏஜென்ட் தர்சன் அங்கேயே பிறந்து வளர்ந்தவன். ஒரு வாக்கியத்தைத் தமிழில் தொடங்கி வேறெங்கோ கொண்டுபோய் முடிப்பான். "அன்ரி, லிசின், சாமிப் படம் எல்லாம் கழட்டோணும். ஃபமிலி ஃபோட்டோஸ் கழட்டோணும். அண்ட் ப்ளீஸ், நோ கறி. மீன் பொரிக்கவே கூடாது. ஸ்மெல் வந்தா தே ஜஸ்ட் வாக் அவுட்."

"அப்ப நாங்கள் என்னத்தைச் சாப்பிடுறது?" என்றார் அக்கா.

"வெளியில, அன்ரி."

அன்றிலிருந்து எங்கள் சாப்பாடு காரில். லாரன்ஸ் சாலையில் ஒரு தமிழ்க் கடையில் மட்டன் ரோல்ஸும் கொத்து ரொட்டியும் வாங்கிக்கொண்டு, கார் நிறுத்துமிடத்தில் ஹீட்டரைப் போட்டுச் சாப்பிடுவோம். எண்ணெயில் பொரித்த அந்த ரோல்ஸ் நம்மூர் சமோசாவைத் தூக்கிச் சாப்பிட்டுவிடும். சிவபாதம் அண்ணைக்கு அக்கா பிய்த்துப் பிய்த்து ஊட்டுவார். அவருக்குப் பேச்சு இழுக்கும். காருக்குள்ளே ஏன் சாப்பிடுகிறோம் என்பது அவருக்குக் கடைசிவரை புரியவில்லை. "வீட்ட... போவமே?" என்று ஒவ்வொரு தடவையும் கேட்பார்.

மேல் தளத்தை இரண்டே நாளில் முடித்தேன். சாம்பல் நிற மெத்தை விரிப்பு, கண்ணாடிக் கிண்ணத்தில் எலுமிச்சம்பழங்கள், யாரும் படிக்காத தடித்த புத்தகங்கள். சாமிப் படம் இருந்த இடத்தில் ஒரு மஞ்சள் வட்டம் போட்ட ஓவியம். தர்சன் பார்த்துவிட்டு விசிலடித்தான். இனி கீழே இறங்கலாம் என்று அக்கா சொன்னார்.

கீழே நான் செய்த வேலையைச் சொல்லத்தான் வேண்டும். தேயிலையைக் கொதிக்கவைத்து, வடிகட்டி, மேலிருந்து வழியவிட்டேன். கறுப்பும் பச்சையும் கலந்து பழைய டூத் பிரஷ்ஷால் சுண்டிச் சுண்டிப் பூஞ்சை பிடிக்கவைத்தேன். அடியில் ஒரு முழ உயரத்துக்கு உப்பைக் கரைத்துத் தடவினேன். காய, மறுபடி தடவ, மறுபடி காய. இது எண்ணூர்ப் பக்கம் கடலோரக் குடியிருப்புகளைப் பார்த்து நானே கண்டுபிடித்தது. உப்பு பூத்துச் சுவரைப் பொருக்குப் பொருக்காகத் தள்ளிக்கொண்டு வரும். எந்தப் பெயிண்டாலும் அதைக் காட்ட முடியாது. சென்னையில் எத்தனையோ வாடகை வீடுகளில் செய்திருக்கிறேன். முடிந்ததும் கழுவி ஒரு கை வெள்ளையடித்தால் வீட்டுக்காரரே அடையாளம் கண்டுபிடிக்க மாட்டார்.

ஒரு சாயங்காலம் அக்கா பால் தேநீரோடு இறங்கி வந்தார். கடைசிப் படியிலேயே நின்றுவிட்டார்.

"ஐயோ தம்பி, மணக்குது."

"அக்கா, வெறும் டீத்தண்ணியும் உப்பும்தான். அதுல என்ன வாசனை?"

"இல்லை, ஈர மணம். நாங்கள் வந்த புதுசில உப்பிடி ஒரு பேஸ்மென்றிலதான் இருந்தனாங்கள். மகளுக்கு மூண்டு வயசு, இரவிரவா இருமுவாள். அதே மணம்." தேநீரைப் படியிலேயே வைத்தார். "உதை வடிவாக் கழுவித் தருவியள்தானே?"

"ஒரே நாள்ல வெள்ளையாக்கிக் குடுத்துடறேன் அக்கா," என்றேன்.

அவர் போன பிறகு நான் தனியாக நின்று சிரித்தேன். இல்லாத ஈரத்துக்கு வாசனை வந்துவிட்டது. இதைவிட எனக்கு யார் என்ன பாராட்டு எழுத முடியும்? போனில் சுவரைப் படம் எடுத்தேன். பக்கெட், பிரஷ், ஏணி எல்லாவற்றையும் நகர்த்திவைத்துவிட்டுத்தான் எடுத்தேன். வேலை நடக்கும்போது நாங்கள் படம் எடுப்பதில்லை. முடிந்ததை மட்டும், கை பட்ட தடம் தெரியாமல் எடுப்போம். அப்படியே பழகிவிட்டது.

இரண்டு நாள் கழித்துச் சென்னையிலிருந்து தயாரிப்பு நிர்வாகி கூப்பிட்டார். ஹீரோ வேறு பெரிய படத்துக்குத் தேதி கொடுத்துவிட்டார்.

"படம் டிராப் சார். யூனிட் கிளம்பல. நீங்க அப்படியே ஊரைச் சுத்திப் பாத்துட்டு வாங்க. நயாகரா போயிட்டு வந்துடுங்க."

நான் கீழே இறங்கிப் போய்த் தரையில் உட்கார்ந்தேன். என் வாழ்நாளில் செய்த நல்ல வேலை எதிரே இருந்தது. எந்தக் கேமராவும் அதைப் பார்க்கப்போவதில்லை. அந்த வீட்டில் ஓடிக்கொண்டிருந்த ஒரே கேமரா மேலே சிவபாதம் அண்ணையின் கட்டிலுக்கு எதிரே இருந்தது. அழ வேண்டும் போலிருந்தும் அழுகை வரவில்லை.

சரி, வாக்குக் கொடுத்தோமே என்று மறுநாள் காலையிலேயே கழுவ ஆரம்பித்தேன். அங்கேதான் புத்திக்கு உறைத்தது. நம்மூர்ச் சுவர் செங்கலும் சிமெண்டும். இது மேலே காகிதம் ஒட்டிய ஜிப்சம் பலகை. என் தேயிலைத் தண்ணீரையும் உப்பையும் அது பஞ்சு மாதிரி குடித்து வைத்திருந்தது. தேய்த்தால் காகிதம் உரிந்தது. வெள்ளை அடித்தேன், விடிந்தபோது மஞ்சள் மஞ்சளாகக் கசிந்திருந்தது. மறுபடி அடித்தேன். அடியில் உப்பு பெயிண்டைக் கொப்புளமாகத் தள்ளியது. சுரண்டி, பூசி, மறுபடி அடித்தேன். ஒருவழியாக வெள்ளையானது.

படப்பிடிப்பு இல்லை என்றானதும் தர்சன் ஆட்களை முன்னதாகவே கூட்டிவந்துவிட்டான். கைக்குழந்தையோடு ஒரு இளம் தம்பதி. நாங்கள் வழக்கம்போலக் காரில் ரோல்ஸோடு காத்திருந்தோம். அவர்களுக்கு மேல் தளம் அவ்வளவு பிடித்துப்போயிற்று. மஞ்சள் வட்ட ஓவியத்தையும் சேர்த்துத் தருவீர்களா என்று கேட்டார்களாம். வீட்டைச் சோதித்துப் பார்க்க ஒரு ஆளை அனுப்புவோம், அவர் சரியென்றால் வாங்கிக்கொள்கிறோம் என்று சொல்லிப் போனார்கள். அக்கா காரிலேயே மகளுக்குப் போன் போட்டார். "பிள்ளை, வந்திட்டம் எண்டு நினை," என்றார்.

சோதிக்க வந்தவர் முட்டிவலிக்காரர். ஒவ்வொரு படிக்கும் முனகிக்கொண்டே இறங்கினார். நான் பெயிண்ட் டப்பாக்களை ஒதுக்கிக்கொண்டிருந்தேன். முதலில் அவர் முகர்ந்து பார்த்தார். புது பெயிண்ட் வாசனை. அந்த ஊரில் பேஸ்மென்டுக்கு மட்டும் புதிதாக வெள்ளையடித்திருந்தால் ஈரத்தை மறைக்கிறார்கள் என்றுதான் பொருளாம். பிறகு இரண்டு ஊசி உள்ள ஒரு சின்னக் கருவியைச் சுவரில் குத்தினார். அது கீச்சிட்டது. நகர்ந்து குத்தினார். அங்கேயும் கீச்சிட்டது. சுவரில் இருந்த உப்பு அந்தக் கருவிக்கு ஈரமாகவே தெரிகிறது என்று பிற்பாடுதான் தெரிந்துகொண்டேன்.

கூட வந்திருந்த தர்சன் கண்ணைக் காட்டியும் கேளாமல் நான் என் உடைந்த ஆங்கிலத்தில் எல்லாவற்றையும் சொன்னேன். இது ஈரம் இல்லை, ஓவியம், நான் சினிமாக்காரன், உப்பும் தேயிலையும். அவர் பொறுமையாகக் கேட்டார். பிறகு அவர் சொன்னதைத் தமிழில் சொன்னால் இப்படி வரும்: "எல்லா வீட்டிலும் எனக்கு ஒரு கதை சொல்வார்கள். மீன்தொட்டி உடைந்தது என்பார்கள், குழந்தை குழாயைத் திறந்துவிட்டது என்பார்கள். சினிமா என்று இதுவரை யாரும் சொன்னதில்லை."

ஆத்திரத்தில் போனை எடுத்து, நான் எடுத்த படத்தைக் காட்டினேன். இதோ பாருங்கள், என் வேலை. அவர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு, படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார்.

"கடவுளே," என்றார். "இவ்வளவு மோசமாகவா இருந்தது?"

என் தொழிலில் ஒருவன் கேட்க ஆசைப்படும் சொல் அதுதான். அந்தக் கணத்தில் எனக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது.

தம்பதி வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். குழந்தை இருக்கும் வீடு, அவர்களைக் குறை சொல்ல முடியாது. தர்சன் சமையலறையில் நின்றுகொண்டு, முதல் முறையாக ஒரு வாக்கியத்தை முழுக்கத் தமிழில் சொன்னான்: "அன்ரி, எனக்கு இப்ப தெரியும் எண்டபடியால், இனி வாற ஆக்களுக்கும் நான் உதைச் சொல்லத்தான் வேணும்." அந்த ஊர்ச் சட்டம் அப்படியாம்.

சென்னைக்குப் போன் போட்டேன். படத்துக்காகத்தான் சுவரில் இப்படிச் செய்தோம் என்று கம்பெனி பெயரில் நாலு வரி எழுதித் தரச் சொன்னேன். "படமே இல்லங்கறப்போ என்ன லெட்டர் சார்?" என்றார் நிர்வாகி. கோபமாகக்கூடச் சொல்லவில்லை. உண்மையாகவே அவருக்குப் புரியவில்லை.

மிச்சம் இருந்த வழி, பலகையைப் பிய்த்தெறிந்து புதிதாகப் போடுவது. அக்கா காரை எடுத்துக்கொண்டு வேலைக்குப் போயிருந்தார். நான் கடையில் பலகைகளைப் பாதியாக வெட்டி வாங்கி பஸ் ஏறப் போனேன். டிரைவர் அம்மாள் கதவிலேயே நிறுத்தினார். நான் ஏறலாம், சுவர் ஏறக்கூடாது என்பது அவர் சொன்னதன் சாரம். பின்னால் வரிசையில் இருந்த ஒரு கிழவர் சிரித்தார். தோளில் சுமந்துகொண்டு நடந்தேன். மழையும் பனியும் கலந்து கொட்டியது. காற்று பலகையைப் பாய் விரித்த மாதிரி இழுத்தது. சென்னையில் ஒரு குரல் கொடுத்தால் எட்டுப் பேர் ஓடிவந்து தூக்குவார்கள். வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது பலகைகள் நனைந்து ஊறித் துண்டு துண்டாகக் கையில் வந்தன. அன்று அந்த பேஸ்மென்டுக்குள் முதல் முறையாக உண்மையான ஈரம் வந்தது. அதைக் கொண்டுவந்தவனும் நானே.

மறுபடி வாங்க, மருமகன் ஒஷாவாவிலிருந்து வேனோடு வரும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. இருவருமாகப் பழைய பலகையைப் பெயர்த்தோம். உள்ளே மரச் சட்டங்கள் சொட்டுத் தண்ணீர் படாமல் காய்ந்து கிடந்தன. தர்சன் வந்து படம் எடுத்தான். "திஸ் வில் ஹெல்ப், அன்ரி. கொஞ்சம் டைம் எடுக்கும், பட் இட் வில் செல்," என்றான். விற்கும் என்பது எனக்கும் தெரியும். ஆனால் ஒஷாவாவில் வீட்டை விற்பவர் அதுவரை காத்திருக்க மாட்டார். புதிதாக வந்து பார்த்தவர்களும் இறங்கியவுடன் ஒரே கேள்விதான் கேட்டார்கள்: ஏன் இந்த அறை மட்டும் புதிதாக இருக்கிறது?

மாதக் கடைசிக்கு முன்பே செய்தி வந்துவிட்டது. அந்தச் சின்ன வீட்டை வேறு யாரோ வாங்கிவிட்டார்கள். அக்கா அப்போது கார் நிறுத்துமிடத்தில் அண்ணைக்கு ரோல்ஸ் பிய்த்துக்கொண்டிருந்தார். போனை அணைத்தார். மிச்சத் துண்டையும் ஊட்டி, வாயைத் துடைத்துவிட்டார்.

"வீட்ட... போவமே?" என்றார் அண்ணை.

"ஓம், போவம். இனி வீட்டிலேயே சாப்பிடலாம்," என்றார் அக்கா.

அன்று மாலை மீன் பொரித்தார். புகை கூடமெல்லாம் சூழ்ந்தது. சாம்பல் விரிப்பை மடித்து வைத்துவிட்டுச் சாமிப் படத்தை நான்தான் மறுபடி மாட்டினேன். யாரும் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் அந்த மீன் தொண்டைக்குள் இறங்கியிருக்கும். அக்கா முள் எடுத்த துண்டாகப் பார்த்து என் தட்டிலும் வைத்தார்.

நான் கிளம்பும் நாள் அக்காவுக்கு வேலை இருந்தது. சீருடையோடு, தலையில் வலைத்தொப்பியோடு தயாராக நின்றார். வழியில் சாப்பிட ரோல்ஸ் கட்டிக் கொடுத்தார். கேமராவைத் துடைத்துக் கட்டிலுக்கு நேராகத் திருப்பினார். அண்ணை இடது கையைத் தூக்கிக் கேமராவுக்கு ஒரு தடவை ஆட்டிப் பார்த்தார்.

"அக்கா, ஒரு தடவை கீழ வந்து பாத்துடுங்க," என்றேன். எதற்குக் கூப்பிட்டேன் என்று தெரியவில்லை. ஏதாவது ஒன்றையாவது சரியாகச் செய்துவிட்டுப் போகிறேன் என்று காட்ட நினைத்திருப்பேன்.

வந்தார். கடைசிப் படியில் நின்றார். புதுப் பலகை, புது வெள்ளை, கழுவிய தரை, ஒரு பொட்டு அழுக்கு இல்லை. என் வாழ்க்கையில் இவ்வளவு சுத்தமான சுவரை நான் செய்ததில்லை. அவர் ஒரு மூச்சு இழுத்தார்.

"கோவிக்காதையுங்கோ தம்பி," என்றார். "இப்பவும் மணக்குது."

அவர் மேலே ஏறிப் போன பிறகு நான் சுவரருகே போனேன். ஈரம் இல்லை என்று எனக்குத் தெரியும். உள்ளே காய்ந்த கட்டையைக் கையால் தொட்டுப் பார்த்தவன் நான். குனிந்து மூக்கை வைத்தேன். எனக்கும் மணத்தது.